‘அது ஐரிப் பெடியளின்ர வேலை’

கலைப்பீடத்துக்குள் நுழைந்த முதல் வருடத்திலேயே எங்களுக்கு ஒரு வசனம் பழகிவிடுகிறது. கலைவிழாவுக்கு லப்ரொப்பில் டிஜே மென்பொருள் போட வேணும் என்றாலும் சரி, ஒன்றிய அறைக்கு வந்த புதுத் தொலைபேசியை இயங்க வைக்க வேணும் என்றாலும் சரி, யாராவது ஒருவர் சொல்லிவிடுவார்: “அது ஐரிப் பெடியளின்ர வேலை, அவையைக் கூப்பிடுங்கோ.” கூப்பிடுகிறோம். அவர்கள் வந்து ‘நெக்ஸ்ற், நெக்ஸ்ற், பினிஷ்’ என்று நாலு தட்டுத் தட்டிவிட்டுப் போகிறார்கள். நாங்கள் திரும்பவும் அதிகாரம், கருத்தியல், மொழிக் கொள்கை என்று கட்டுரை எழுத உட்காருகிறோம்.

நாங்கள் கட்டுரையில் தேடுகிற முக்கால்வாசி விசயம் அந்த நாலு தட்டுக்குள் கிடக்கிறது. ஒரு கருவியை முதன்முதலாக இயக்குகிறபோது யாரோ சில முடிவுகளை எடுக்கிறார்கள். திரையில் எந்த மொழி, எந்த நேரம், எந்த எண்ணுக்கு அழைப்பு வெளியே போகும், எது தாளம் என்று கணக்கெடுக்கப்படும். முடிவெடுக்க ஆளில்லாவிட்டால் பெட்டியைச் செய்த கம்பனி ஏற்கெனவே எடுத்து வைத்த முடிவே நிலைக்கும். அதைத்தான் ‘டிபோல்ட்’ என்கிறார்கள். ஒருதரம் நிலைத்துவிட்டால், பிறகு மாற்றச் சொல்லிக் கேட்கிறவர் கரைச்சல் பிடித்த ஆள் ஆகிவிடுவார்.

அந்த வசனத்தில் இன்னொன்றும் இருக்கிறது. ‘பெடியள்’. இலங்கையின் கலைப்பீடங்களில் பெரும்பான்மை பெண்கள். வயரில் கை வைக்கிற வேலை என்று வந்தவுடன் அந்தப் பெரும்பான்மை வசனத்திலிருந்தே காணாமல் போகிறது. இந்த வசனத்தோடுதான் எங்களுக்குச் சண்டை.

முதலில் பாட்டு

டிஜே மென்பொருள் போடுவது என்றால் ஒரு கோப்பைத் தரவிறக்கி இரண்டுதரம் சொடுக்குவது என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். வேலை அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. சாதாரண லப்ரொப்பில் சத்தம் வெளியே போக ஒரு ஸ்ரீரியோ வழிதான் உண்டு. டிஜேக்கு இரண்டு வழி வேணும். ஒன்று மண்டபத்துக்கு, மற்றது அடுத்த பாட்டை முன்கூட்டிக் கேட்டுப் பார்க்கிற ஹெட்போனுக்கு. ஒரு யூஎஸ்பி சவுண்ட் கார்ட் வாங்கிப் பூட்டினால் சரி. காசில்லாவிட்டால் இடப்பக்க ஒலியை மண்டபத்துக்கும் வலப்பக்க ஒலியை ஹெட்போனுக்கும் பிரித்து விடுகிற ஒரு வயரே போதும், இரண்டும் மோனோவாக வரும், அவ்வளவுதான். மண்டபத்துக்குப் போகிற வழியை விண்டோஸின் பொது ஒலியிலிருந்து பிரித்து வைக்க மறந்தால், கேக் வெட்டுகிற நேரம் பார்த்து வாட்ஸ்அப்பின் ‘டிங்’ முழு மண்டபத்துக்கும் கேட்கும்.

அடுத்தது சுணக்கம். இங்கிலிசில் ‘லேற்றன்சி’ என்று பெரிதாகச் சொல்லப்படுவதற்கு எங்கட வீட்டுச் சொல்லே பொருந்துகிறது. மென்பொருள் ஒலியை வாளி வாளியாக நிரப்பித்தான் ஊற்றுகிறது. ஒரு செக்கனுக்கு 44,100 துளிகள் என்று வையுங்கோ. வாளி 2048 துளி கொள்ளுமென்றால் அது நிரம்ப 46 மில்லிசெக்கன் ஆகும். 256 துளி என்றால் கிட்டத்தட்ட 6 மில்லிசெக்கன். வாளி பெரிதானால் விரல் அழுத்தினதற்கும் சத்தம் வருவதற்கும் இடையில் இழுபடும். சிறிதானால் பழைய லப்ரொப் ஈடுகொடுக்க ஏலாமல் ‘கிரக், கிரக்’ என்று உடையும். விண்டோஸில் ஆசியோ ட்ரைவர் போட்டால் சுணக்கம் குறையும். இதில் விளங்காத அறிவியல் என்ன இருக்கிறது? தமிழில் எழுதி வைக்க ஒரு பக்கம் போதும். அந்த ஒரு பக்கத்தை எழுத வேண்டியவர்கள் தமிழ் எழுதப் படித்த நாங்கள்தானே?

இனித் தாளம். பாட்டை உள்ளே போட்டவுடன் மென்பொருள் அதை ஆராய்ந்து நிமிடத்துக்கு எத்தனை அடி என்று கணக்கெடுத்து, பாட்டின் மேல் கோடுகள் கீறும். நாலு நாலு அடியாக ஒரே வேகத்தில் போகிற ஹவுஸ், ரெக்னோ இசைக்கு அது அச்சொட்டாகப் பொருந்தும். எங்கட மண்டபங்களில் ஆக்களை எழுப்பி ஆட வைக்கிறது பைலா. போர்த்துக்கேயர் வழியாகவும் ஆபிரிக்க வம்சாவளிக் காபிர் மக்கள் வழியாகவும் இந்தத் தீவில் வேர்பிடித்த இசை, ஆறு–எட்டு நடையில் துள்ளுவது. மென்பொருள் அதை அடிக்கடி பிழையாக எண்ணும். தவிலும் நாதஸ்வரமும் சேர்ந்த பதிவைப் போட்டால் இன்னும் மோசம். வாசிக்கிறவர் வேகத்தை இழுத்தும் விட்டும் போக, கோடுகள் ஒரு பக்கமும் அடி ஒரு பக்கமுமாகப் போகும்.

“பாட்டு சரியில்லை மச்சான், சிங்க் ஆகுதில்லை” என்பார்கள். பாட்டில் ஒரு பிழையும் இல்லை. வேகம் மாறாது என்ற எடுகோளை நிறுத்துகிற தெரிவு அமைப்புகளுக்குள் இருக்கிறது. கணக்கிட்ட அடியை மூன்றில் இரண்டாகவோ ஒன்றரை மடங்காகவோ மாற்றுகிற பொத்தானும் சில மென்பொருட்களில் இருக்கிறது. யாரும் அங்கே போய்ப் பார்க்கவில்லை. பார்க்காததால் ‘சிங்க் ஆகாத’ பாட்டுகள் மெல்ல மெல்லப் பட்டியலிலிருந்து விழுகின்றன. பண்பாட்டு ஆதிக்கம் பற்றி விரிவுரையில் குறிப்பெடுக்கிற நாங்கள், அது ஒரு பொத்தானின் வடிவத்தில் எங்கட கலைவிழாவுக்குள்ளேயே நடக்கிறதைக் கவனிக்கிறதில்லை.

கிராக் என்கிற கடன்

இங்கே பெரும்பாலான லப்ரொப்புகளில் இருப்பது கிராக் பண்ணின டிஜே மென்பொருள். கம்பனிக்கு நட்டம் என்று ஒழுக்கப் பாடம் எடுக்க நாங்கள் வரவில்லை. 2022இல் 200 ரூபாய்ச் சொச்சத்தில் நின்ற டொலர் சில மாதங்களில் 360 ரூபாயைத் தொட்ட நாட்டில், மாதாமாதம் டொலரில் சந்தா கட்டு என்று யாரும் யாருக்கும் சொல்ல ஏலாது.

எங்கட குற்றச்சாட்டு வேறு. கிராக் நிறுவுகிறபோது முதல் அறிவுறுத்தலே வைரஸ் காவலை நிறுத்து என்பதுதான். அதாவது, யாரென்று தெரியாத ஒருவருக்கு வீட்டுக் கதவைத் திறந்து விட்டுவிட்டுப் பாட்டுப் போடுகிறோம். அதே லப்ரொப்பில்தான் ஆய்வுக் கட்டுரையும், அக்காவின் கலியாணப் படங்களும், வங்கிக் கணக்கின் கடவுச்சொல்லும் கிடக்கின்றன. அதற்குப் பிறகு புதுப்பிக்க ஏலாது. பழுதென்றால் யாரிடமும் கேட்க ஏலாது. தமிழாக்கம் செய்து சேர்க்கவும் ஏலாது. காசு கொடுக்காத வாடிக்கையாளராக இருக்கிறோமே தவிர, அந்தக் கருவிக்கு உரித்தாளியாக ஒருநாளும் ஆகப் போவதில்லை.

மூன்று எக்ஸ் போட்டு எழுதுகிற ‘மிக்ஸ்’ என்ற மென்பொருள் 2001இன் தொடக்கத்தில் ஒரு கலாநிதிப் பட்ட ஆய்வோடு சேர்ந்து உருவானது. இலவசம், திறந்த மூலம். விண்டோஸ், மாக், லினக்ஸ் மூன்றிலும் ஓடும். மேலே சொன்ன எடுகோளை நிறுத்துகிற தெரிவும் ஒன்றரை மடங்குப் பொத்தானும் அதில் உண்டு. ஒரு மாணவருடைய ஆய்விலிருந்து இப்படியொன்று வரலாம் என்பதைக் கவனியுங்கோ. எங்கட பீடங்களில் ஆய்வுக் கட்டுரை கட்டி முடிந்தவுடன் போகிற இடம் அலுமாரி.

பிறகு தொலைபேசி

பாட்டு விளையாட்டு என்று சிலர் சொல்லலாம். சரி, அலுவலக மேசைக்கு வருவோம்.

இப்போது அலுவலகங்களுக்கு வருகிற மேசைத் தொலைபேசி உள்ளுக்குள் ஒரு சின்னக் கணினி. வலையமைப்பு வயரைக் குத்தினால் பல இடங்களில் மின்சாரமும் அதே வயரிலேயே வந்துவிடும். அது எழும்பியவுடன் வலையமைப்பிடம் தனக்கொரு முகவரி கேட்கும். முகவரியோடு, உன்னுடைய அமைப்புக் கோப்பு இன்ன சேர்வரில் இருக்கிறது என்ற தகவலும் வரும். டிஎச்சிபியின் 66ஆம் தெரிவு என்பது இதுதான். தொலைபேசி அந்தச் சேர்வருக்குப் போய், தன்னுடைய மாக் முகவரியைப் பெயராகக் கொண்ட கோப்பை எடுத்து வாசித்து, அதில் சொன்னபடி தன்னை மாற்றிக்கொள்ளும். இந்த முழு வேலைக்கும் பெயர் ‘புரொவிஷனிங்’. புரொவிஷன் ஸ்ரோர்ஸ் போர்டில் பார்த்த அதே சொல்தான். தேவையானதைக் கட்டிக் கொடுப்பது.

அந்தக் கோப்புக்குள் என்ன இருக்கிறது? உள் எண், கடவுச்சொல், திரையில் தெரிகிற பெயர், திரை மொழி, நேர வலயம், எந்த இலக்கம் அழுத்தினால் அழைப்பு எங்கே போகும் என்ற விதி. ஒரு பக்கத்துக்கும் குறைவான எழுத்து. ஒருவருடைய உயிர் அதில் தங்கியிருக்கலாம் என்பதற்குப் பதிவான கதை ஒன்று உண்டு.

2013 டிசம்பர் 1. அமெரிக்காவின் ரெக்சாஸ் மாநிலம், மார்ஷல் நகரத்தில் ஒரு விடுதி அறை. காரி ஹன்ட் என்ற பெண்ணைப் பிரிந்து வாழ்ந்த கணவன் தாக்குகிறான். ஒன்பது வயது மகள் அறைத் தொலைபேசியில் 911ஐ நான்கு தடவை அழுத்துகிறாள். அழைப்புப் போகவில்லை. அந்த விடுதியில் வெளியே பேசுவதற்கு முதலில் 9 அழுத்த வேணும். குழந்தைக்கு அது தெரியாது. தாய் இறந்துபோனார். அவருடைய தகப்பன் விடாமல் போராடியதன் விளைவாக 2018இல் காரியின் பெயரிலேயே ஒரு சட்டம் வந்தது. 2020 பெப்ரவரி 16இலிருந்து அங்கே புதிதாக நிறுவப்படுகிற தொலைபேசி முறைமைகளில் 911 எந்த முன்னிலக்கமும் இல்லாமல் நேரே போக வேணும்.

இப்போது இங்கே பாருங்கோ. அம்புலன்ஸ் 1990. சிறுவர் உதவி 1929. உளநல உதவி 1926. மூன்றுமே நான்கு இலக்கம், மூன்றுமே ஒன்றில் தொடங்குகின்றன. ஒரு அலுவலகம் தன் உள் எண்களை 1000 தொடக்கம் 1999 வரை என்று வைத்துவிட்டால், 1990 அழுத்துகிறவருக்கு அம்புலன்ஸ் வராது. யாராவது ஒரு லிகிதரின் மேசையில் மணி அடிக்கலாம், அல்லது அப்படியொரு எண் இல்லை என்ற சத்தம் கேட்கலாம். வெளியழைப்புக்கு 9 அழுத்துகிற இடங்களிலும் இதே ஆபத்துத்தான். அமைப்பவர் ஒரு வரி சேர்த்தால் தீர்கிற பிரச்சினை இது. அந்த வரியைச் சேர்க்கச் சொல்லி அவருக்கு யார் சொன்னார்கள்? உங்கட விடுதிக் காவலாளியின் மேசைத் தொலைபேசியில், நூலகத்துத் தொலைபேசியில், 1990 நேரே போகுமா என்று பொறுப்பானவரிடம் கேட்டிருக்கிறோமா?

இரண்டை அழுத்தினால்

மொழிக்கு வருவோம். 1987இன் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழி ஆக்கியது. நாட்டின் எந்தப் பகுதியில் இருந்தாலும் அரச அலுவலரோடு தமிழில் தொடர்பாடுகிற உரிமைக்கு அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை இடம் தருகிறது. இதெல்லாம் பரீட்சைக்குப் பாடமாக்கின விசயம். இனிப் பாடமாக்காதது: இந்தத் தொலைபேசிகள் பேசிக்கொள்கிற சிப் என்ற நெறிமுறையின் 2002ஆம் ஆண்டு வரையறை, யூரிஎப்–8 எழுத்துக் குறிமுறையைப் பயன்படுத்தச் சொல்கிறது. தமிழ் 1991இலேயே யூனிகோட்டில் ஏறிவிட்டது. அழைக்கிறவருடைய பெயரைத் தமிழிலேயே வயரில் அனுப்ப விதி இடம் கொடுத்து இருபது வருடத்துக்கு மேல் ஆகிறது.

ஆனால் பல மேசைத் தொலைபேசிகளின் சின்னத் திரைக்குள் தமிழ் எழுத்துரு கிடையாது. ஏன் போடவில்லை? கொள்வனவு செய்கிறபோது யாரும் கேட்கவில்லை. விலைமனுவில் ‘திரையில் மூன்று மொழியும் தெரிய வேணும்’ என்ற ஒரு வரி இருந்திருந்தால் விற்கிற கம்பனி அதற்குப் பதில் சொல்லியே ஆக வேணும்.

“தமிழுக்கு இரண்டை அழுத்தவும்” என்ற குரலை எல்லாரும் கேட்டிருக்கிறோம். இரண்டை அழுத்திவிட்டுப் பாட்டுக் கேட்டுக்கொண்டு நின்று, கடைசியில் எதிர்முனையில் வேற்றுமொழிக் குரல் வந்த அனுபவமும் எங்கட ஆக்களுக்குப் புதிதில்லை. உடனே ‘தமிழ் தெரிந்த ஊழியர் இல்லை’ என்று விளங்கிக்கொள்கிறோம். சில இடங்களில் அது உண்மையாக இருக்கலாம். இன்னொரு காரணமும் இருக்கலாம். இப்படியான முறைமையில் ஒன்று, இரண்டு, மூன்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனி வரிசை வைத்து, ஒவ்வொரு வரிசைக்கும் அந்த மொழி தெரிந்தவர்களைச் சேர்க்கலாம். சோம்பலாகவும் அமைக்கலாம். மூன்று இலக்கத்தையும் ஒரே வரிசைக்குத் திருப்பிவிட்டால், நீங்கள் தெரிவு செய்த மொழி அந்தப் பதிவுக் குரலோடு முடிந்துபோகும். தமிழ் தெரிந்த ஊழியர் பக்கத்து மேசையில் சும்மா இருப்பார், அழைப்பு அவரிடம் போகாது. உரிமை அரசியலமைப்பில் இருக்கிறது, மறுப்பு அமைப்புக் கோப்பில் இருக்கிறது. முதலாவதைப் பற்றி நாங்கள் மாநாடு வைக்கிறோம். இரண்டாவதை ஒருவரும் திறந்து பார்க்கிறதில்லை.

ஒரு அமைப்பு அரசியலாக இருக்கலாம் என்பதை எங்கட சனத்துக்குப் புதிதாகச் சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை. 1996 மே மாதம் இந்த நாட்டின் மணிக்கூடு ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளப்பட்டது, அதே ஒக்ரோபரில் அரை மணித்தியாலம் பின்னுக்கு வந்தது, 2006 ஏப்ரலில்தான் பழையபடி ஐந்தரைக்குத் திரும்பியது. அந்த இடைக்காலத்தில் வன்னி பழைய நேரத்திலேயே இருந்தது. ஒரே தீவில் பழைய நேரம், புதிய நேரம் என்று இரண்டு மணி சொன்ன கதையை வீட்டில் கேட்டுப் பாருங்கோ. நேர வலயம் என்பது தொலைபேசிக் கோப்பில் ஒரு வரி. அந்த வரிக்குப் பின்னால் ஒரு நாடே பிளவுபட்டு நின்றதைப் பார்த்த தலைமுறையின் பிள்ளைகள் நாங்கள்.

வரக்கூடிய மறுப்புகள்

“எல்லாரும் எல்லாம் செய்ய ஏலாது, வேலைப் பிரிவினை வேணும்.” ஒத்துக்கொள்கிறோம். வீட்டுக்கு வயர் இழுக்க மின்பணியாளர் வேணும். ஆனால் எந்த அறையில் விளக்கு வேணும் என்று வீட்டுக்காரர்தானே சொல்ல வேணும்? ஐரிப் பெடியனில் எங்களுக்குக் கோபம் இல்லை. அவன் கையில் பெயர்ப்பட்டியலைக் கொடுத்து, பின்னேரத்துக்குள் முடி என்று சொல்லி அனுப்புகிறார்கள். மொழிக் கொள்கையை அவன் தனியே இருந்து யோசிக்க வேணும் என்பது அநியாயம். பக்கத்தில் உட்கார ஆள் வேணும். அந்தக் கதிரை வெறுமையாகக் கிடக்கிறது.

“இங்கிலிஸ் தெரியாட்டி உதெல்லாம் சரிவராது.” ஊர்க் கோயில் திருவிழாக்களில் ஒலிபெருக்கி கட்டுகிறவர்களைப் பாருங்கோ. எந்தப் புத்தகமும் இல்லாமல் காதாலும் கையாலும் படித்தவர்கள். மைக் கீச்சிட்டால் எந்தத் திருகை எவ்வளவு திருப்ப வேணும் என்று அவர்களுக்குத் தெரியும். அந்த அறிவு எழுத்தில் ஏறவில்லை. எழுதத் தெரிந்த நாங்கள் அதை அறிவாக மதிக்காததுதான் காரணம். பறை அடித்தவரை வாசலுக்கு வெளியே நிறுத்திவிட்டு, அந்தச் சத்தத்தில் மட்டும் சடங்கு நடத்திய ஊர் எங்கட ஊர். வயர் பிடிக்கிற கையைப் பேனை பிடிக்கிற கை இளக்காரமாகப் பார்க்கிறதில் அந்தப் பழைய வியாதியின் மிச்சம் இருக்கிறது.

“தமிழில் கலைச்சொல் இல்லை.” இருக்கிறது. அரசகரும மொழிகள் திணைக்களம் சொற்றொகுதிகள் வெளியிட்டிருக்கிறது, ஆளாளுக்கு இணையத்திலும் ஆக்கி வைத்திருக்கிறார்கள். இல்லாதது வசனம். சொல்லை மட்டும் செய்து அடுக்கி வைத்தால் அது நகைக்கடைக் கண்ணாடிப் பெட்டி. ‘இந்த வயரை இதில் குத்து, சுணக்கம் கூடினால் இந்த எண்ணைக் குறை’ என்று ஒருவர் எழுதி, இன்னொருவர் அதை வாசித்துச் செய்து பார்க்கிறபோதுதான் சொல் உயிர் பிடிக்கும்.

செய்யக்கூடியவை

நாங்கள் கேட்பது பெரிய புரட்சி இல்லை. அடுத்த கலைவிழாவுக்கு மென்பொருள் போடுகிறவருக்குப் பக்கத்தில் கலைப்பீடத்து மாணவி ஒருவர் கொப்பியோடு உட்காரட்டும். ஒவ்வொரு படியையும் தமிழில் எழுதட்டும். ஒன்றிய லப்ரொப்பிலிருந்து கிராக்கைக் கழற்றிவிட்டுத் திறந்த மூல மென்பொருளைப் போட்டு, பத்துப் பைலாவையும் பத்து நாதஸ்வரப் பதிவையும் உள்ளே விட்டு, எங்கே எண்ணிக்கை பிழைக்கிறது என்று பட்டியல் எடுக்கட்டும்.

வளாகத்துக்குப் புதுத் தொலைபேசிகள் வந்தால், ஒன்றியம் நிர்வாகத்திடம் நாலே நாலு கேள்வியை எழுத்தில் கேட்கட்டும். 1990 முன்னிலக்கம் இல்லாமல் போகுமா? திரையில் தமிழ் தெரியுமா? தமிழுக்கென்று அழுத்துகிற இலக்கம் தமிழ் பேசுகிற ஆளிடம் போகிறதா? பெட்டியோடு வந்த கடவுச்சொல்லை மாற்றியாச்சா? நாலாவதைச் சின்ன விசயம் என்று நினைக்க வேண்டாம். மாற்றாமல் விட்ட கடவுச்சொல்லால் முறைமைக்குள் புகுந்து, யாரோ ஒருவர் வெளிநாட்டுக்குப் பேசின பில்லை அலுவலகத்தின் தலையில் கட்டுவது உலகம் முழுக்கத் தெரிந்த களவு.

துறைகளிடமும் ஒரு கோரிக்கை. ஒரு மென்பொருளின் முழு வழிகாட்டியைத் தமிழில் எழுதி, மூன்று பேரிடம் கொடுத்துச் சோதித்துத் திருத்திக் கொண்டுவருகிற மாணவருக்கு அதை ஒப்படையாக ஏற்றுப் புள்ளி போடுங்கோ. மொழிபெயர்ப்பு, மொழியியல், இசை, சமூகவியல், அரசறிவியல் என்று எந்தத் துறைக்கும் அதில் வேலை இருக்கிறது. எவரும் திருப்பி வாசிக்காத இன்னொரு கட்டுரையை விட அது பத்துப் பேருக்கு உதவும்.

நாங்கள் மிக்ஸில் தொடங்குகிறோம். நிறுவுவது, ஹெட்போனைப் பிரிப்பது, சுணக்கத்தைக் குறைப்பது, பைலாவைச் சரியாக எண்ண வைப்பது என்று நாலு பகுதி. எழுதத் தெரிந்தவர்கள் எழுத வாங்கோ. எழுத வராது என்கிறவர்கள் வாசித்துச் செய்து பார்த்து, எங்கே தடக்குப்படுகிறது என்று சொல்லுங்கோ. பெட்டையள் முதலில் வாங்கோ. ஒலிபெருக்கி கட்டுகிற அண்ணைமார் யாரையும் தெரிந்தால் கையோடு கூட்டிக்கொண்டு வாங்கோ, அவர்களிடம் கேட்க எங்களிடம் கனக்கக் கேள்வி இருக்கிறது.